எல்லை கடந்த சட்டமும் உள்ளூர் நீதிபதியும்

சென்ற மாதம் நம் சங்கத்தின் சனிக்கிழமைக் கூட்டத்தில் ஒரு சொற்போர் நடந்தது. "ஒரு நாட்டின் நீதிமன்றம் அந்நாட்டுச் சட்டத்துக்கு மட்டுமே கட்டுப்பட வேண்டும்" என்பது தலைப்பு. ஒட்டிப் பேசிய நண்பர், "வேறொரு நாட்டில் உட்கார்ந்திருக்கும் நீதிபதியின் சொல்லைக் கேட்டு நம் நீதிபதி தீர்ப்பு எழுதினால், அதற்குப் பெயர் அடிமைத்தனம்!" என்று முழங்கினார். கைதட்டல் அடங்க நெடுநேரமாயிற்று. வெட்டிப் பேச எழுந்த நான், ஐரோப்பாவைப் பற்றித் தொடங்குவதற்குள் தலைவர் மணியை அடித்துவிட்டார். சட்டம் பயிலும் மாணவன் என்ற முறையில், அன்று சொல்ல முடியாமற் போனதை இங்கே எழுதுகிறேன்.

இந்தக் கேள்வி ஏட்டில் மட்டும் உள்ளதன்று. ஐரோப்பாவில் அறுபது ஆண்டுகளுக்கு மேலாக நீதிமன்றந்தோறும் வழக்காடப்பட்டு வருவது. 1957இல் பிரான்ஸ், மேற்கு ஜெர்மனி, இத்தாலி, பெல்ஜியம், நெதர்லாந்து, லக்ஸம்பர்க் ஆகிய ஆறு நாடுகள் ரோமாபுரியில் கூடிப் பொதுச் சந்தை ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. அதற்குப் பொருள் சொல்ல லக்ஸம்பர்க் நகரில் ஒரு பொது நீதிமன்றம் இருந்தது. ஒப்பந்தம் பற்றிய ஐயம் எழுந்தால், எந்த நாட்டு நீதிபதியும் அந்த நீதிமன்றத்துக்குக் கேள்வி எழுதி அனுப்பலாம். விடை வந்த பின் வழக்கை முடிக்க வேண்டியவர் அந்த உள்ளூர் நீதிபதிதான்.

முதல் பெரிய சோதனை ஒரு ரசாயனப் பொருளால் வந்தது. ஃபான் கெண்ட் என் லோஸ் என்ற கம்பெனி அதை மேற்கு ஜெர்மனியிலிருந்து நெதர்லாந்துக்குக் கொண்டுவந்தது. முன்பு நூற்றுக்கு 3 ஆக இருந்த சுங்க வரி 8 ஆகியிருந்தது. "உறுப்பு நாடுகள் தமக்குள் வரியை உயர்த்தலாகாது என்று ஒப்பந்தம் சொல்கிறதே!" என்று வணிகர் வழக்காடினார். "ஒப்பந்தம் அரசாங்கங்களுக்கு இடையே உள்ளது, அதில் வணிகருக்கு என்ன வேலை?" என்பது எதிர்வாதம். நெதர்லாந்து, பெல்ஜியம், மேற்கு ஜெர்மனி ஆகிய மூன்று அரசாங்கங்களும் அந்தப் பக்கமே நின்றன. நெதர்லாந்தின் சுங்க நீதிமன்றம் லக்ஸம்பர்க்குக்குக் கேள்வி அனுப்பியது. 1963 பிப்ரவரி 5ஆம் நாள் விடை வந்தது: இது புதிய வகைச் சட்ட முறை, இதில் அரசுகளுக்கு மட்டுமன்றி மக்களுக்கும் உரிமை உண்டு, அவ்வுரிமையைத் தம் நாட்டு நீதிமன்றத்திலேயே அவர்கள் கேட்டுப் பெறலாம்.

நண்பர் இதைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். இங்கே யார் யாருக்கு அடிமை ஆனார்கள்? தான் கையெழுத்திட்ட சொல்லைத் தன் குடிமகனிடமே காப்பாற்ற வேண்டிய நிலைக்கு அரசாங்கம் வந்தது. அவ்வளவுதான்.

அடுத்த ஆண்டு வந்த வழக்கு இன்னும் சுவையானது. இத்தாலி 1962இல் மின்சாரத் தொழிலை நாட்டுடைமை ஆக்கியது. மிலான் நகரத்து வழக்கறிஞர் கோஸ்டா, அதனால் பாதிக்கப்பட்ட கம்பெனி ஒன்றின் பங்குதாரர். தம் மின்சாரக் கட்டணமான 1,925 லிராவைக் கட்ட மறுத்து வழக்குத் தொடுத்தார். மிகச் சிறிய தொகை. மிகச் சிறிய வழக்கு மன்றம். ஆனால் அந்தச் சிறிய மன்றத்து நீதிபதி லக்ஸம்பர்க்குக்குக் கேள்வி அனுப்பினார். இதற்கிடையே இத்தாலியின் அரசியல் சட்ட நீதிமன்றம், பின்னால் இயற்றப்பட்ட நாட்டுச் சட்டமே செல்லும் என்று கூறிவிட்டது. லக்ஸம்பர்க் அதை ஏற்கவில்லை. ஒவ்வொரு நாடும் புதிதாக ஒரு சட்டம் இயற்றி ஒப்பந்தத்தை மீறலாம் என்றால், ஒப்பந்தம் நீர்மேல் எழுத்தாகிவிடும் அல்லவா? ஆகவே பொதுச் சட்டமே மேலானது என்று 1964 ஜூலையில் தீர்ப்பாயிற்று. முரண்பட்ட நாட்டுச் சட்டத்தை ஒதுக்கிவைக்க எந்த நீதிபதியும் மேலிடத்து அனுமதிக்குக் காத்திருக்க வேண்டியதில்லை என்று 1978இல் அந்நீதிமன்றம் மேலும் ஒரு படி சென்றது.

லக்ஸம்பர்க்குக்குப் போலீஸும் இல்லை, சிறையும் இல்லை. இத்தகைய வழக்குகளில் உள்ளூர் நீதிபதி கேட்காவிட்டால் அது பேச முடியாது. அவர் ஏற்காவிட்டால் அதன் பேச்சு காற்றோடு போகும். எல்லை கடந்த சட்டத்தின் உயிர் உள்ளூர் நீதிபதியின் பேனாவில் இருக்கிறது.

அப்படியானால் அவர் தலையாட்டிப் பொம்மையா? இல்லை. மேற்கு ஜெர்மனியைப் பாருங்கள். மக்காச்சோள மாவு ஏற்றுமதி செய்வதாக முன்பணம் கட்டிய கம்பெனி ஒன்று, குறித்த காலத்தில் முழு அளவையும் அனுப்ப முடியாமல் பணத்தை இழந்தது. "இந்தப் பொதுச் சந்தை விதி எங்கள் நாட்டு அடிப்படை உரிமைகளுக்கு முரணானது" என்று அது முறையிட்டது. 1974இல் ஜெர்மனியின் அரசியல் சட்ட நீதிமன்றம் அந்த விதியைத் தள்ளவில்லை. ஆனால் ஓர் எச்சரிக்கை விடுத்தது: பொதுச் சந்தையில் எங்களுடையதற்கு ஈடான உரிமைப் பாதுகாப்பு இல்லாத வரையில், நாங்கள் சோதித்துப் பார்ப்போம். லக்ஸம்பர்க் தன் தீர்ப்புகளில் அடிப்படை உரிமைகளுக்கு மேலும் மேலும் இடம் அளித்தது. 1986இல் அதே ஜெர்மன் நீதிமன்றம் சொன்னது: அத்தகைய பாதுகாப்பு இருக்கும் வரையில், நாங்கள் சோதிக்க மாட்டோம். அதே "வரையில்"தான்! ஆனால் பொருள் தலைகீழாகிவிட்டது. உள்ளூர் நீதிபதி எதிர்த்துக் கேட்டார். பொது நீதி சிறந்தது.

இங்கிலாந்திலோ, ஸ்பானிய மீன்பிடிப்பாளர் வழக்கில் 1990இல் பாராளுமன்றச் சட்டத்தையே நீதிபதிகள் தற்காலிகமாக நிறுத்திவைத்தனர். பலர் திடுக்கிட்டனர். ஆனால் அந்தக் கட்டுப்பாட்டை 1972ஆம் ஆண்டுச் சட்டத்தின் மூலம் ஏற்றது அதே பாராளுமன்றம்தான். வேண்டாம் என்று முடிவு செய்தபின், 2020 ஜனவரி 31இல் அந்நாடு வெளியேறியது. கதவைத் திறந்துகொண்டு வெளியேற வழியுள்ள வீட்டைச் சிறை என்று சொல்லலாமா?

எதிர்ப்பெல்லாம் நல்லது என்று நான் சொல்லவில்லை. 2020 மே மாதம் ஜெர்மன் நீதிமன்றம், ஐரோப்பிய மத்திய வங்கி கடன் பத்திரங்கள் வாங்கியது பற்றிய லக்ஸம்பர்க் தீர்ப்பு அதிகார வரம்பை மீறியது என்று அதை ஒதுக்கியது. அது தவறான வழிகாட்டல் என்பது என் கருத்து. 2021 அக்டோபரில் போலந்தின் அரசியல் சட்ட நீதிமன்றம், ஐரோப்பிய ஒப்பந்தத்தின் சில பகுதிகளே தம் அரசியல் சட்டத்துக்கு ஒவ்வாதவை என்றது. அதற்கு முன் லக்ஸம்பர்க், போலந்து நீதிபதிகளின் சுதந்தரத்தைக் காக்கப் பல தீர்ப்புகள் வழங்கியிருந்தது. 1974இல் ஜெர்மன் நீதிமன்றத்தின் முன் நின்ற முறையீடு ஒரு வணிகருடையது. போலந்தில் மனுச் செய்தவர் நாட்டின் பிரதம மந்திரி. இரண்டும் "எதிர்ப்பு" என்ற ஒரே பெயரைத் தாங்கலாம். ஆனால் ஒன்று குடிமகனுக்குக் கேடயம், மற்றது ஆட்சிக்குக் கேடயம். உள்ளூர் நீதிபதி வெளியார் சொல்லை மறுக்கும்போது, அந்த மறுப்பு யாரைக் காக்கிறது என்பதே நாம் கேட்க வேண்டிய கேள்வி.

நமக்கு மேல் அத்தகைய நீதிமன்றம் இல்லை. ஆயினும் சர்வதேசச் சட்டத்தையும் ஒப்பந்தக் கடமைகளையும் மதிக்குமாறு நம் அரசியல் சட்டத்தின் 51ஆம் பிரிவு அரசுக்குக் கூறுகிறது. 1997இல் விசாகா வழக்கில், வேலை செய்யும் இடத்தில் பெண்களுக்கு இழைக்கப்படும் பாலியல் கொடுமையைத் தடுக்க நம் நாட்டில் தனிச் சட்டம் இல்லை. உச்ச நீதிமன்றம், பெண்களுக்கு எதிரான பாகுபாட்டை ஒழிக்க இந்தியா ஏற்ற உலக ஒப்பந்தத்தைத் துணைகொண்டு விதிகளை வகுத்தது. பாராளுமன்றம் சட்டம் இயற்றியது 2013இல்தான். இடைப்பட்ட பதினாறு ஆண்டுகள் நம் சகோதரிகளுக்கு அந்த விதிகளே துணை. அதையும் அடிமைத்தனம் என்பாரா நம் நண்பர்?

அவருக்கு என் அன்பான அழைப்பு: அடுத்த கூட்டத்திலும் இதே தலைப்பை வைத்துக்கொள்வோம். தலைவரிடம் ஒரே ஒரு வேண்டுகோள்தான். மணியைச் சற்றுத் தாமதித்து அடிக்க வேண்டும்!