ஸ்டே வாங்கிட்டா கடன் அடைஞ்சிடுமா?

எங்க ஊர் கண்டாச்சிபுரத்துல பக்கத்து வீட்டுத் தாத்தா ஒருத்தர். மல்லாட்டை வித்த காசு, கையில இருந்த சேமிப்பு எல்லாம் சேர்த்து மூணு லட்சத்தைத் தெரிஞ்சவருக்குப் புரோநோட்டு எழுதி வாங்கிட்டுக் கொடுத்தார். பணம் திரும்பி வரல. கேஸ் போட்டு ஜெயிச்சார். டிக்ரி கைக்கு வந்த அன்னிக்குத் தெருவுக்கே லட்டு கொடுத்தார் (எனக்கு ரெண்டு!). அமீனா ஜப்திக்குப் போறதுக்குள்ள எதிர் பார்ட்டி அப்பீல் போட்டு ஸ்டே வாங்கிட்டார். அது ஆச்சு மூணு வருஷம்.

காமர்ஸ் படிக்கிறவன் புத்தி கணக்குலதானே போகும்? சிவில் நடைமுறைச் சட்டம் 34-ம் பிரிவுப்படி, டிக்ரிக்கு அப்புறம் அசலுக்கு வட்டி 6 சதவீதத்தைத் தாண்டாது. வியாபாரக் கடன்னா மட்டும் கூடலாம். மூணு லட்சத்துக்கு வருஷம் 18,000. அதே பணத்தை எங்க ஊர்ல வெளியில வாங்கினா ரெண்டு ரூபா வட்டி, வருஷம் 72,000. ஆக ஸ்டே நீடிக்கிற ஒவ்வொரு வருஷமும் கடன்காரருக்கு 54,000 மிச்சம். அப்பீல்ல தோத்தாக்கூட அவருக்கு லாபம்தான்.

அதுக்காக ஸ்டேவே கூடாதுன்னு சொல்லல. அப்பீல்ல ஜெயிக்கறதுக்குள்ள வீடு ஏலம் போயிட்டா யார் திருப்பித் தருவா? 1938-ல ராஜாஜி மந்திரிசபை காலத்துல வந்த சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்துலயே விவசாயி கேட்டா ஜப்தி, ஏலத்தை கோர்ட் நிறுத்தி வைக்கணும்னு இருந்தது. ஆனா 60 நாளுக்குள்ள கடனைக் குறைக்கச் சொல்லி மனு போடலைன்னா டிக்ரி அப்படியே நிறைவேறும். எனக்குப் பிடிச்சது அந்த 60 நாள்தான்.

இந்தக் காலத்துலயும் கெடு வச்சுப் பார்த்தாங்க. நீட்டிக்காத ஸ்டே ஆறு மாசத்துல தானா முடிஞ்சிடும்னு 2018-ல சுப்ரீம் கோர்ட் சொல்லுச்சு. 2024 பிப்ரவரியில ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை ரத்து பண்ணிடுச்சு. கோர்ட் தாமதத்துக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாதுங்கறது நியாயம்தான். ஆனா தாத்தாவும் ஒரு கட்சிக்காரர்தானே?

அப்ப மிச்சம் இருக்கிற வழி பணத்தைக் கட்டச் சொல்றது. அப்பீல் போட்டாலே ஸ்டே ஆகாது, ஜாமீன் கொடுக்கணும், பண டிக்ரின்னா தொகையை டெபாசிட் கட்டச் சொல்லலாம்னு சட்டத்தோட 41-வது ஆர்டர்லயே இருக்கு. தாத்தா கேஸ்ல ஒரு நிலப் பத்திரத்தை ஜாமீனா ஏத்துக்கிட்டாங்க. பத்திரத்தை வச்சு மாத்திரை வாங்க முடியுமா? பாதித் தொகையாவது ரொக்கமா கட்ட வச்சு, ஜெயிச்சவர் ஜாமீன் கொடுத்து அதை எடுத்துக்க விடணும்ங்கறது என் கருத்து. நிஜமாவே வழியில்லாதவர் அதை கோர்ட்ல நிரூபிச்சு விலக்கு வாங்கிக்கட்டும்.

ஸ்டே போனாலும் உடனே பணம் வந்துடாது. 2025 மார்ச்சுல ஒரு சேலம் நில வழக்குல, நிறைவேற்று மனுக்களை ஆறு மாசத்துல முடிக்கணும்னு சுப்ரீம் கோர்ட் சொன்னப்புறமும், அந்த அக்டோபர்ல நாடு முழுக்க 8.8 லட்சம் மனுக்கள் பாக்கி. தமிழ்நாட்டுல மட்டும் 86,000-க்கு மேல.

தாத்தாவுக்கு இப்ப 78. அடுத்த வாய்தா தை மாசம்.