“என் மூளை அப்படி சார்” என்று சொல்லும் தம்பிகளுக்கு

கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் இருக்கும்போது பொறுமையாகப் படியுங்கள்.

சில வாரங்களாக ஒரு காணொளி வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றிக்கொண்டிருக்கிறது. நாம் முடிவு எடுப்பதற்கு முன்பே மூளை முடிவு எடுத்துவிடுகிறதாம். மனிதனுக்குச் சுய விருப்பம் என்று ஒன்று கிடையவே கிடையாதாம். அறிவியல் இதை நிரூபித்துவிட்டதாம். நம் பழைய மாணவர் குழுவிலும் வந்தது. அதன் கீழே ஒரு தம்பி, “அப்போ நான் குடிக்கிறதுக்கு நான் காரணம் இல்ல சார், என் மூளைதான் காரணம்” என்று எழுதி, கூடவே சிரிக்கிற பொம்மையும் போட்டிருந்தார். பலரும் அதற்கு விருப்பக்குறி இட்டிருந்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவர் வீட்டு நிலைமை எனக்குத் தெரியும். அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

முதலில், அந்தக் காணொளி சொல்லும் சோதனை என்னவென்று பார்ப்போம். அமெரிக்காவில் சான் பிரான்சிஸ்கோவைச் சேர்ந்த பெஞ்சமின் லிபெட் 1983-ல் வெளியிட்டது அது. சோதனைக்கு வந்தவர் தலையில் மின்முனைகளைப் பொருத்தி, ஒரு கடிகாரத்தின் முன் உட்காரவைத்தார்கள். “உங்களுக்கு எப்போது தோன்றுகிறதோ அப்போது கையை அசையுங்கள், அசைக்க வேண்டும் என்று எந்தக் கணத்தில் தோன்றியது என்பதைக் கடிகாரத்தைப் பார்த்துச் சொல்லுங்கள்” என்றார்கள். கை அசைவதற்குச் சுமார் 200 மில்லி வினாடிக்கு முன்புதான் ‘தோன்றியது’ என்றார்கள். மூளையில் மின்மாற்றமோ சுமார் 550 மில்லி வினாடிக்கு முன்பே தொடங்கியிருந்தது. அதாவது நமக்குத் தோன்றுவதற்கு ஒரு வினாடியில் மூன்றில் ஒரு பங்கு நேரம் முன்பே மூளை வேலையைத் தொடங்கிவிட்டது.

காணொளி இதோடு நின்றுவிடுகிறது. கதை இதோடு நிற்கவில்லை. அந்தக் கடைசி 200 மில்லி வினாடிக்குள் ‘வேண்டாம்’ என்று நிறுத்த மனிதனால் முடியும் என்று லிபெட்டே சொன்னார். சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்த நம்மூர் நரம்பியல் அறிஞர் வி. எஸ். ராமச்சந்திரன் இதை வேடிக்கையாகச் சொல்வார்: செய்கிற சுதந்திரம் இல்லாவிட்டாலும் செய்யாமல் இருக்கிற சுதந்திரம் இருக்கிறது என்கிற பொருளில். பிறகு 2012-ல் ஆரன் ஷர்கரும் அவர் குழுவினரும் அந்த மின்மாற்றத்துக்கே வேறு விளக்கம் தந்தார்கள். மூளையில் எப்போதும் ஏற்ற இறக்கமாக ஓர் இரைச்சல் ஓடிக்கொண்டிருக்கிறது. அவசரமே இல்லாத ஒரு வேலையைச் செய்யச் சொன்னால், அந்த இரைச்சல் உயர்ந்து ஓர் எல்லையைத் தொடும்போது கை அசைகிறது. எனவே முன்கூட்டியே தெரிகிற மின்மாற்றத்தை ‘மூளை ரகசியமாக எடுத்த முடிவு’ என்று சொல்ல வேண்டியதில்லை. 2008-ல் ஜெர்மனியில் ஜான்-டிலன் ஹெய்ன்ஸ் குழு செய்த சோதனையையும் சிலர் காட்டுவார்கள். எந்தப் பொத்தானை அழுத்தப் போகிறார் என்பதைப் பல வினாடிகள் முன்பே மூளைப் படத்திலிருந்து கணித்தார்கள் என்பது உண்மை. கணிப்பு சரியாக இருந்தது சுமார் 60 விழுக்காடு. காசைச் சுண்டிப் போட்டாலே 50 வரும்.

ஆனாலும் ஒரு வலுவான வாதம் மிச்சம் இருக்கிறது. அமெரிக்க அறிஞர் ராபர்ட் சபோல்ஸ்கி 2023-ல் ஒரு தனி நூலே எழுதினார். இந்தக் கணத்து முடிவுக்குக் காரணம் இன்று காலைப் பசி. அதற்குப் பின்னால் நேற்றைய தூக்கம், வளர்ந்த வீடு, தாயின் கருவில் இருந்த நாட்கள், மரபணு. இந்தச் சங்கிலியில் ‘நான்’ என்று தனியாக நுழைய எங்கே இடம் என்று கேட்கிறார். காரணங்கள் உண்டு என்பதை நான் மறுக்கவில்லை. அறிவியல் பாடம் நடத்தியவன் மறுக்கவும் முடியாது. காரணம் இருந்தால் பொறுப்பு இல்லை என்கிறார்களே, அந்த இடத்தில்தான் எனக்கு உடன்பாடு இல்லை.

இதை விளக்க நம் கடலைவிட நல்ல உதாரணம் கிடையாது.

தூத்துக்குடியில் கடைசியாக முத்துச் சலாபம் நடந்தது 1961-ல். அதை நேரில் பார்த்த பெரியவர்கள் இப்போது குறைந்துவிட்டார்கள். திரேஸ்புரம் பக்கம் போனால் சங்குகுளிக்கிறவர்களை இன்றும் பார்க்கலாம். அந்தக் காலத்து முத்துக்குளி முறை இதுதான். கயிற்றில் கட்டிய கல்லின்மேல் கால் வைத்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு இறங்குவார். அடியைத் தொட்டதும் கல்லை மேலே இழுத்துவிடுவார்கள். பாரில் கிடக்கும் சிப்பிகளை வலைப்பையில் அள்ளுவார். நேரம் வந்ததும் கயிற்றை அசைப்பார். மேலே படகில் கயிறு பிடித்திருப்பவர் இழுத்துவிடுவார். ஒரு கல்லுக்கு இரண்டு பேர், மாறி மாறி. பெரும்பாலும் ஒரு நிமிடம், மிஞ்சினால் ஒன்றரை நிமிடம்.

அந்த ஒரு நிமிடத்தில் மூளையில் என்ன நடக்கிறது? இரத்தத்தில் கரியமில வாயு ஏறிக்கொண்டே போகிறது. முகுளம் ‘மூச்சு விடு’ என்று கட்டளை இடுகிறது. உதரவிதானம் துடிக்கிறது. பெருமூளை ‘கொஞ்சம் பொறு’ என்கிறது. பயிற்சி உள்ளவர் மற்றவர்களைவிடக் கூடுதலாகப் பொறுப்பார். ஆனால் அதற்கும் ஓர் எல்லை உண்டு. அதைத் தாண்டினால் எப்பேர்ப்பட்ட மன உறுதியும் நிற்காது. தண்ணீருக்குள்ளேயே வாய் திறந்துவிடும், அல்லது நினைவு தப்பும்.

இன்னொரு விஷயத்தைச் சொன்னால் வியப்பாக இருக்கும். இறங்குவதற்கு முன் வேகவேகமாக மூச்சு வாங்கினால் கரியமில வாயு குறைந்துவிடும். ஆக்சிஜன் ஒன்றும் பெரிதாகக் கூடிவிடாது. அதனால் மூச்சு முட்டுகிற உணர்வு தாமதமாக வரும். ‘இன்னும் முடியும்’ என்று மனம் தைரியமாகச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே ஆக்சிஜன் தீர்ந்து மயக்கம் வந்துவிடும். கடலில் இப்படி உயிர்விட்டவர்கள் உலகம் முழுவதும் உண்டு. அந்த ‘என்னால் முடியும்’ என்ற உணர்வே வாயுக் கணக்கில் வந்த ஏமாற்று.

இப்போது சொல்லுங்கள். குளிக்கிறவருக்குச் சுதந்திரம் உண்டா, இல்லையா? அடியில், கடைசி இரண்டு வினாடியில் போய்த் தேடினால் இல்லை. அங்கே முகுளம்தான் முதலாளி. ஆனால் அவர் முடிவு எடுத்த இடம் அது இல்லை. இன்று இறங்குவதா வேண்டாமா, எத்தனை பாகம் ஆழம், எந்த அசைவுக்கு இழுக்க வேண்டும், கயிற்றை யார் கையில் கொடுப்பது, எல்லாம் படகிலேயே முடிவாகிவிட்டது. தன் உடம்பு எங்கே தன்னைக் கைவிடும் என்று தெரிந்திருப்பதால்தான் அவர் கயிறு கட்டிக்கொண்டு இறங்குகிறார். காரணங்கள் அவரைக் கட்டுகின்றன. அந்தக் காரணங்களை அறிந்தவர் என்பதால் முன்கூட்டியே ஏற்பாடு செய்யவும் அவருக்கு முடிகிறது. லிபெட் அளந்தது விரல் அசைவின் அரை வினாடியை. மனித முடிவுகள் நாள் கணக்கில், மாதக் கணக்கில் எடுக்கப்படுகின்றன.

நம் சட்டமும் ஏறக்குறைய இதைத்தான் சொல்கிறது. மனநலம் குன்றி, தான் செய்வது இன்னதென்று அறிய முடியாத நிலையில் ஒருவர் செய்ததைப் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 84-வது பிரிவு குற்றமாகக் கொள்ளவில்லை. புதிய பாரதிய நியாய சன்ஹிதாவில் அது 22-வது பிரிவு. போதைக்குத் தனிப் பிரிவுகள் உண்டு. ஒருவருக்குத் தெரியாமலோ, அவர் விருப்பத்துக்கு மாறாகவோ போதை ஏற்றப்பட்டு, செய்வது இன்னதென்று அறியாத நிலைக்குப் போயிருந்தால் விலக்கு உண்டு. தானே விரும்பிக் குடித்தவருக்கு அந்த விலக்கு இல்லை. சட்டம் அடித்த கணத்தோடு நிற்காமல், பின்னோக்கிப் போய் முதல் கிளாஸைக் கையில் எடுத்த கணத்தைக் கேட்கிறது. அதாவது படகுக்குப் போகிறது.

இனி அந்தத் தம்பியின் கேள்விக்கு வருகிறேன். குடி அடிமைத்தனம் ஒரு நோய், மூளையையே மாற்றிவிடும் நோய் என்பது மருத்துவம் ஒப்புக்கொண்ட உண்மை. கடை வாசலில், பாட்டில் கண்ணுக்கு முன்னால் இருக்கும்போது, ‘மனசு வெச்சா விடலாம்ல?’ என்று அவரைத் திட்டுவதில் பயன் இல்லை. அது ஒன்றரை நிமிடம் கடந்தவரைப் பார்த்து ‘மூச்சைப் பிடி’ என்று கத்துவது மாதிரி. ஆனால் காலை பத்து மணிக்குத் தெளிவாக இருக்கிறாரே, அப்போது என்ன செய்கிறார் என்று கேட்க நமக்கு உரிமை உண்டு. எந்தத் தெரு வழியாக வீட்டுக்குப் போவது, சம்பளப் பணத்தை யார் கையில் கொடுப்பது, எந்த நண்பரின் அழைப்பை எடுக்காமல் விடுவது, எந்த மருத்துவரைப் பார்ப்பது, இதெல்லாம் அவர் படகில் எடுக்க வேண்டிய முடிவுகள்.

கயிறு பிடிப்பதற்கும் ஆள் வேண்டும். சென்னையில் சாந்தி ரங்கநாதன் 1980-ல் தொடங்கிய டி.டி. ரங்கநாதன் அறக்கட்டளை மருத்துவமனையைப் பலர் அறிவீர்கள். கணவரைக் குடியால் இழந்தவர் அவர். அங்கே குடிப்பவருக்கு மட்டும் சிகிச்சை தருவதில்லை. குடும்பத்தையும் உட்காரவைத்துப் பேசுகிறார்கள். குடிநோயாளிகள் தங்களுக்குள் நடத்தும் ஏ.ஏ. கூட்டங்களும் அப்படித்தான். தனியாக மூழ்காதே, ஒருவர் கையில் கயிற்றைக் கொடு என்பதே அவர்கள் சொல்வது.

ஆசிரியர்கள் ஓய்வறையில் வருடக்கணக்காக இரண்டு பேச்சுக்களைக் கேட்டிருக்கிறேன். படிப்பு வராத பையனைப் பற்றி ஒருவர் “அவன் தலையெழுத்து” என்பார். இன்னொருவர் “திமிரு சார், மனசு வெச்சா வராதா?” என்பார். முதலாமவர் பையனைக் கைவிட்டார். இரண்டாமவர் அவனை அடித்தார். விடியற்காலையில் அப்பாவோடு மீன் இறக்கிவிட்டு முதல் பாடவேளையில் தூங்கி வழிகிறவனுக்கு என்ன ஏற்பாடு செய்யலாம் என்று இருவருமே யோசிக்கவில்லை. இப்போது ‘தலையெழுத்து’ போய் அந்த இடத்தில் ‘மூளை’ வந்திருக்கிறது. சொல் மாறியிருக்கிறதே தவிர, கைவிடுவது மாறவில்லை.

வள்ளுவர் 38-வது அதிகாரத்துக்கு ‘ஊழ்’ என்று பெயர் வைத்தார். அதே வள்ளுவர் 62-வது அதிகாரத்தை ‘ஆள்வினையுடைமை’ என்று முயற்சிக்கே கொடுத்தார். ஒன்றை எழுதிவிட்டு மற்றொன்றை அவர் அழிக்கவில்லை. இரண்டையும் சேர்த்தே படிக்க வேண்டும் என்பது என் எண்ணம்.

எனவே தம்பி, உன் மூளைதான் காரணம் என்றே வைத்துக்கொள்வோம். அந்த மூளை சாயங்காலம் ஆறு மணிக்கு உன்னைக் கைவிடும் என்று உனக்கே தெரிந்துவிட்டது. அது தெரிந்த பிறகு காலை பத்து மணிக்கு என்ன செய்கிறாய் என்பதுதான் கேள்வி. கயிற்றைக் கையில் கொடுக்க ஆள் இல்லை என்றால் எனக்குப் போன் பண்ணு. வீட்டில்தான் இருக்கிறேன்.

மற்றவர்களும் உங்கள் கருத்தைச் சொல்லுங்கள். மாற்றுக் கருத்தென்றால் இன்னும் மகிழ்ச்சி. அந்தக் காணொளியை மேற்கொண்டு அனுப்புகிறவர்கள், கூடவே இதையும் அனுப்புங்கள்.