பிள்ளைகளும் கணக்கும்: ஏணியின் அடி எங்கே?

"இங்கத்தைய படிப்பு எங்களுக்கு விளங்காது" என்று சொல்லிப் பிள்ளையின் கணக்குக் கொப்பியை மூடிவைக்கும் பெற்றோர் நம்மிற் பலர். திரிகோணகணிதம் ஊரில் நாம் படித்த அதே திரிகோணகணிதந்தான், பெயர்கள்தான் வேறு. செங்கோண முக்கோணியின் செம்பக்கம் இங்கு 'ஹைப்பொட்டனியூஸ்', எதிர்ப்பக்கம் 'ஒப்போசிற்', அயற்பக்கம் 'அட்ஜேசன்ற்'. பிள்ளை 'சோ-கா-டோவா' என்று முணுமுணுத்தால் பயப்பட வேண்டாம். எதிர்ப்பக்கத்தைச் செம்பக்கத்தால் வகுத்தால் சைன், அயற்பக்கத்தைச் செம்பக்கத்தால் வகுத்தால் கோசைன், எதிர்ப்பக்கத்தை அயற்பக்கத்தால் வகுத்தால் தாஞ்சன் என்பதைத்தான் அப்படிச் சுருக்கிப் பாடமாக்குகிறார்கள்.

நமக்குத் தெரிந்த ஒரு வீட்டில் நடந்தது இது. மறுநாள் மகளுக்கு வகுப்புச் சோதனை. அந்தப் புள்ளியை வைத்தே ஜி.சி.எஸ்.இ. கணிதத்தில் மேல்நிலைத் தாளா, அடிப்படைத் தாளா என்று முடிவெடுப்பார்கள். இங்கிலாந்தில் அடிப்படைத் தாள் எழுதும் பிள்ளை எவ்வளவு கெட்டிக்காரியென்றாலும் 5 ஆம் தரத்துக்கு மேல் போகமுடியாது.

பயிற்சிக் கணக்கு: 6 மீற்றர் ஏணி தரையுடன் 75 பாகையில் சுவரிற் சாய்ந்து நிற்கிறது, ஏணியின் அடி சுவரிலிருந்து எவ்வளவு தூரம்? செம்பக்கம் தெரியும், அயற்பக்கம் வேண்டும்; ஆகவே 6 ஐ கோசைன் 75 ஆற் பெருக்கவேண்டும். பிள்ளை செய்த வழி சரி. விடையோ 5.53 மீற்றர்!

தகப்பனுக்கு வர்ணம் பூசும் வேலை. எட்டிப் பார்த்தார்.

"அவ்வளவு தூரத்திலை வைச்சா ஏணி வழுக்கி நான் நிலத்திலைதான் கிடப்பன், பிள்ளை."

"கல்குலேற்றர் அப்பிடித்தானே சொல்லுது, அப்பா!"

கருவியின் மேல்மூலையில் சின்னதாக 'ஆர்' எழுத்து. பாகைக்குப் பதிலாக ரேடியனிற் கணித்திருக்கிறது. 'டி'க்கு மாற்றியதும் கோசைன் 75 ஆனது 0.2588, விடை 1.55 மீற்றர். ஏணி தொடும் உயரம் சைனால் 5.80 மீற்றர். தகப்பனுக்கு இது புதிதல்ல. நாலு உயரத்துக்கு ஒன்று வெளியே என்பதுதான் பிரித்தானியாவில் ஏணி வைக்கும் பாதுகாப்பு விதி. தாஞ்சன் 4 ஆக வரும் கோணம் ஏறத்தாழ 76 பாகை. பள்ளிக்கூடக் கணக்கும் அவர் வேலையும் ஒன்றுதான் என்று அன்றுதான் இருவருக்கும் தெரிந்தது.

சோதனைக்குப் புறப்படுமுன் பிள்ளையைக் கருவியில் சைன் 30 தட்டிப் பார்க்கச் சொல்லுங்கள். 0.5 வரவேண்டும். சய 0.988 வந்தால் கருவி ரேடியனில் நிற்கிறது.