தனித்தட்டு வேண்டா

வட இந்தியாவில் தை மாதத்துப் பிற்பகல் மிகக் குறுகியது. நான்கு மணிக்கே வெயில் சாயத் தொடங்கும். வீடுகளில் தேநீர் அடுப்பேறும். அதனுடன் தட்டில் வருபவை பிஸ்கட், ரஸ்க், மட்ரி, சமோசா, கேக். பெயர்கள் பலவாயினும் பெரும்பாலும் மூலப்பொருள் ஒன்றே: கோதுமை. கோதுமை ஒவ்வாத குழந்தை ஒன்று அவ்வீட்டில் இருந்தால், அதற்கு மட்டும் தனியே ஒரு தட்டு வைக்கப்படுகிறது. அன்பினால் வைக்கப்படும் தட்டே எனினும், அது அக்குழந்தையைப் பிறரிடமிருந்து பிரித்துவிடுகிறது. குளிர்கால மாலையிலேனும் எல்லாரும் உண்ணத்தக்க ஒரே பண்டத்தைச் செய்வது இயலும், செய்யவும் வேண்டும்.

ஒவ்வாமை என்றதும், பிடிவாதக் குழந்தையின் சாக்கு என எண்ணுவோர் உளர். சீலியாக் என்பது உண்மையான நோய். கோதுமை, பார்லி, ரை ஆகிய தானியங்களில் குளூட்டன் என்னும் புரதம் உள்ளது. இந்நோய் உடையோர் அதனை உண்டால், அவர்களுடைய உடலின் எதிர்ப்பாற்றலே சிறுகுடலின் உட்சுவரைத் தாக்கும். உண்ட உணவின் சத்து உடலில் சேராது. குழந்தையின் வளர்ச்சி குன்றும். 1944–45ஆம் ஆண்டுக் குளிர்காலத்தில், போரின் விளைவாக நெதர்லாந்தில் கடும் பஞ்சம் ஏற்பட்டு ரொட்டி அரிதாயிற்று. ஊரெல்லாம் பசியால் வாடிய அக்காலத்தில் இந்நோயுற்ற குழந்தைகள் மட்டும் தேறினர். ரொட்டி திரும்பியதும் மீண்டும் நலிந்தனர். கோதுமையின்மீது முன்பே ஐயங்கொண்டிருந்த வில்லெம் டிக்கே என்னும் குழந்தை மருத்துவருக்கு இது பெருஞ்சான்றாக அமைந்தது. வாழ்நாள் முழுவதும் குளூட்டனை விலக்குவதே இன்றளவும் இந்நோய்க்கு உரிய வழி.

அரிசியில் குளூட்டன் இல்லை. ஆதலால் இட்லியும் புட்டும் போதாவா, தானியமே இல்லாத கேக் எதற்கு என்று தமிழ் வீட்டார் வினவலாம். நியாயமான வினாவே. ஆயினும் ஏகாதசி நாளில் அரிசியையும் விலக்குவோர் அண்டை வீடுகளில் மட்டுமல்லர், தமிழர் இல்லங்களிலும் உளர்; மார்கழியில் வைகுண்ட ஏகாதசியும் வருகிறது. நோயுற்ற பேரனும் நோன்பிருக்கும் பாட்டியும் ஒரே பண்டத்தை உண்ண வேண்டுமானால் தானியமில்லாப் பண்டமே ஏற்றது. அதற்கான மாவை வெளிநாட்டிலிருந்து வரவழைக்க வேண்டியதில்லை. வடநாட்டு மளிகைக் கடையிலேயே அது கிடைக்கிறது.

சிங்காடா என்பது குளத்து நீரில் மிதந்து வளரும் செடியின் காய். கொம்பு முளைத்தாற்போன்ற தோற்றம் உடையது. மழைக்காலம் கழிந்ததும் தள்ளுவண்டிகளில் பச்சையாகவும் அவித்தும் விற்பர். அதன் பருப்பை உலர்த்தி அரைத்த மாவே நோன்பு உணவுக்குப் பயன்படுகிறது. இம்மாவு ஒரு குவளை, வாதுமைப் பொடி ஒரு குவளை, துருவிய செந்நிறக் குளிர்காலக் கேரட் ஒரு குவளை, வெல்லத்தூள் முக்கால் குவளை, நெய் கால் குவளை, முட்டை மூன்று, சிறிது தயிரில் கலந்த சமையல் சோடா அரைத் தேக்கரண்டி, மணத்திற்கு ஏலம். இவற்றைக் கலந்து நெய் தடவிய பாத்திரத்தில் ஊற்றி வேகவைக்கலாம். நோன்பிருப்போருக்கு முட்டைக்கு மாற்றாக மசித்த வாழைப்பழம் சேர்க்கலாம். வாதுமை விலை மிகுதி என்போர் வறுத்த வேர்க்கடலைப் பொடியைக் கொள்ளலாம். சுவையில் அது எவ்வகையிலும் தாழ்ந்ததன்று.

கடைக் கேக்கைப் போல இது உப்பி எழாது. மாவில் உண்டாகும் காற்றை வலைபோல் பிடித்து நிறுத்துவது குளூட்டன். அது இல்லாத இடத்தில் பஞ்சுபோன்ற மென்மையை எதிர்பார்ப்பது வீண். இது தட்டையாக, ஈரப்பதத்துடன், அல்வாவுக்கும் கேக்குக்கும் இடைப்பட்டதாக அமையும். நன்கு ஆறிய பின்னரே வெட்ட வேண்டும். சூட்டில் வெட்டினால் உதிரும்.

உடன் பருகச் சுக்குமல்லிக் காப்பி பொருத்தமானது. பெயரில்தான் காப்பி, காப்பித்தூள் இன்றியே அதனைக் காய்ச்சலாம். சுக்கையும் வறுத்த மல்லி விதையையும் இடித்து நீரிலிட்டுக் கொதிக்கவைத்து, கருப்பட்டி சேர்த்து வடிகட்ட வேண்டும். கருப்பட்டி கிடைக்காத ஊரில் வெல்லமே போதும். கேக்கில் இனிப்பு இருப்பதால் இதில் இனிப்பைக் குறைப்பது நலம்.

நலமாக இருப்போர் பிறரைப் பார்த்துத் தானியங்களைக் கைவிடுவது வேறு செய்தி. அவர்களுக்கு அது தேவையன்று. 'தானியமில்லாதது' என்று அச்சிட்ட பொட்டலத்துக்கு மிகுந்த விலை கொடுப்பதும் தேவையன்று. நோயுற்ற குழந்தைக்கோ ஒரு சிட்டிகை கோதுமையும் தீங்கு. கோதுமை அரைத்த அதே சக்கியில் அரைத்த சிங்காடா மாவு அக்குழந்தைக்கு ஆகாது. ஒரு கிலோவில் 20 மில்லிகிராமுக்கு மேல் குளூட்டன் இருந்தால் அப்பொருளைக் 'குளூட்டன் அற்றது' என விற்க இந்திய விதிகள் இடந்தருவதில்லை. ஆதலின் மாவுப் பொட்டலத்தில் அக்குறிப்பைத் தேடி வாங்குவது நன்று. கூட்டுப் பெருங்காயத்திலும் கோதுமை மாவு கலந்திருப்பதுண்டு என்பதைச் சாம்பார் வைப்போர் பலர் அறியார். கேக்கை வெட்டும் கத்தியும், அதற்குமுன் ரொட்டியை வெட்டியதாக இருத்தல் கூடாது.