வாடகை வீடும் மாமல்லபுரத்துச் சங்கும்

மாமல்லபுரம் போனா கடற்கரைக் கோயில் முன்னாடி ஒரு போட்டோ, அப்புறம் கை நிறைய கிளிஞ்சல். இதுல ரெண்டாவதை விட்ரலாமேன்னு சொல்லத்தான் இந்தப் பதிவு. அட்வைஸ்னு ஓடிடாதீங்க மக்கா, நடுவுல 13 கோடி வருஷத்துக் கதை ஒண்ணு இருக்கு :-)

துறவி நண்டு தெரியும்ல? முன்பக்கம் ஓடு, கொடுக்கு எல்லாம் உண்டு. பின்பக்கம் வயிறு வெறும் சதை. அதனால காலியான சங்கு, நத்தைக் கூடு எதுலயாவது புகுந்துக்கும். வளர வளர வீடு மாத்தணும். நம்ம சிறுசேரி, கேளம்பாக்கம் பக்கம் வாடகைக்கு அலையற கதைதான், அட்வான்ஸ் மட்டும் கிடையாது.

இதுங்களோட பழைய சொந்தத்துல ஒரு பேரினம் பேலியோபேகுரஸ். இப்ப பூண்டோட இல்ல. இங்கிலாந்துல யார்க்‌ஷயர் கடலோரம், ஸ்பீட்டன்ல கிடைச்ச புதைபடிவம் ஒண்ணை 2003ல ரெனே ஃப்ராயே விவரிச்சார். துறவி நண்டுல பெரும்பாலும் கொடுக்கு மட்டும்தான் கல்லா மிஞ்சும். இது வீட்டுக்குள்ள இருந்தபடியே கல்லாகியிருந்தது. அந்த வீடும் சங்கு இல்ல, அம்மோனைட்! ஆட்டுக்கொம்பு மாதிரி சுருண்ட ஓடு, கணவாய்க்குத் தூரத்துச் சொந்தம். (அம்மோனைட் கிடைச்ச இடம் பார்க்க யார்க்‌ஷயர் போக வேணாம். செங்கல்பட்டுல இருந்து திருச்சி ரோட்டைப் பிடிச்சு, பெரம்பலூர் மாவட்டம் காரைக்குப் போனா போதும். அங்க ஒருகாலத்துல கடல்.)

துறவி நண்டுங்க பிற்பாடு அம்மோனைட்ல இருந்து நத்தைக் கூட்டுக்குக் குடிமாறிச்சுங்கிறது ஃப்ராயேயோட கருத்து. 6.6 கோடி வருஷம் முன்னாடி அம்மோனைட் மொத்தமா அழிஞ்சப்ப, மாற்று வீடு இருந்தது.

இப்ப நாம சங்கையும் அள்ளிட்டா? பாட்டில் மூடிதான். கிண்டல் இல்லைங்க. இணையத்துல கிடந்த போட்டோக்களை அலசி 2024ல வந்த ஆய்வுல, குப்பையை வீடாச் சுமக்கற 386 நண்டுங்க. பெரும்பாலும் பிளாஸ்டிக் மூடி. நிலத்துல வாழற 16 இனத்துல 10 இனம் இந்த நிலைமைல.

"நான் ஒருத்தன் ஒரு சங்கு எடுத்தா என்ன ஆயிடும்?" ஆபீஸ் நண்பர் கேட்டார். ஒரு பெரிய கூடு காலியாச்சுன்னா, பெரிய நண்டு அதுக்குள்ள போகும். அது விட்ட கூட்டுக்கு அடுத்த சைஸ், அது விட்டதுக்கு அதுக்கடுத்தது... வரிசை கட்டி வீடு மாத்தும். எடுத்தது ஒரு சங்கு, மாட்டினது ஒரு தெரு. தவிர, ஒருத்தரோட நிக்கறதில்லையே. ஸ்பெயின்ல ஒரு கடற்கரையை முப்பது வருஷ இடைவெளியில ஒப்பிட்டு 2014ல வெளியான ஆய்வுல, சுற்றுலாக் கூட்டம் கிட்டத்தட்ட மூணு மடங்கு கூடியிருந்தது, கிளிஞ்சல் கிட்டத்தட்ட மூணுல ஒண்ணாக் குறைஞ்சிருந்தது.

கடையில வாங்கினா பரவாயில்லையான்னா, அது இன்னும் மோசம்ங்கிறது என் கட்சி. கரையில ஒதுங்கி வெயில்ல வெளுத்த சங்குக்கு அந்தப் பளபளப்பு வராது. பெரும்பாலும் உயிரோட பிடிச்சதாத்தான் இருக்கும். அப்ப கிளிஞ்சல் மாலை விக்கிற அக்காக்கள் பிழைப்பு? நியாயமான கேள்வி. என்கிட்ட முழுப் பதில் இல்ல. அவங்க வேற சரக்குக்கு மாற கொஞ்ச காலமும் கைப்பணமும் வேணும்.

ஆனா ஞாபகார்த்தமா ஒண்ணு வேணும்னா அதே தெருவுல உளிச் சத்தம் கேக்குது பாருங்க. மாமல்லபுரம் கற்சிற்பத்துக்கு 2017ல புவிசார் குறியீடே கிடைச்சாச்சு. சின்னதா ஒரு கல் பிள்ளையார் வாங்கிட்டு வாங்க. பேரம் மட்டும் ரொம்ப அடிக்காதீங்க.