ஓடினவனுக்கு முன்பிணை எதுக்கு?

போன வருசம் எங்க பக்கத்துத் தோட்டத்துக் கோயில் திருவிழாவில ஒரு கைகலப்பு. ஒருத்தருக்கு நெத்தியில ஏழு தையல். அன்றைக்கு இரவே என் கூட்டாளியின் அண்ணன் நானுஓயாவில ரயில் ஏறிக் கொழும்புக்குப் போயிட்டார். அவர் அடிச்சாரா, விலக்கப் போனாரா என்பதை நீதிமன்றம்தான் சொல்லணும். ஆனா "ஓடிட்டான்ல, அப்ப அவன்தான்" என்று லயம் விடியிறதுக்குள்ள தீர்ப்பு எழுதிடுச்சு. மூன்று கிழமை கழித்து அவரே வந்து சரணடைந்தார். "தலைமறைவாக இருந்தவர்" என்ற ஒரே வரி போதுமாக இருந்தது. பதினாலு நாள் விளக்கமறியல்.

அவர் ஓடாமலே இருந்திருக்கலாம். 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டத்தில் முன்பிணைக்கு வழி இருக்கிறது. பிணை வழங்க முடியாத குற்றத்தில் கைதாகலாம் என்று நம்பக் காரணம் உள்ள எவரும், பொலிஸ் பொறுப்பதிகாரிக்கு அறிவித்தல் கொடுத்துவிட்டு, சத்தியக்கடதாசியோடு அந்தப் பகுதி நீதவானிடம் கேட்கலாம். இந்தியாவில மாதிரி செஷன்ஸ் கோர்ட், ஹைகோர்ட் என்று அலைய வேண்டியதில்லை. பிணை கொடுப்பதுதான் விதி, மறுப்பது விதிவிலக்கு என்றும் அதே சட்டம் சொல்கிறது. படிக்க நல்லாத்தான் இருக்கு.

நீதவான் எதைப் பார்ப்பார்? கூப்பிட்டால் வருவானா, சாட்சியை மிரட்டுவானா, வெளியே இருந்து திரும்பவும் குற்றம் செய்வானா, ஊரில் கொந்தளிப்பு வருமா. நியாயமான கேள்விகள்தான். ஆனா "வருவானா" என்பதற்கு விடை சொல்லப் போவது யாரு? நிலையான முகவரி. கிராம சேவகர் கடிதம். பிணைக்கு நிற்க வசதியான ரெண்டு பேர். அஞ்சு தலைமுறையா ஒரே லயக் காம்பராவில் இருக்கிற குடும்பத்துக்குத் தனி முகவரி கிடையாது, கடிதமே தோட்டத்து ஒபிசுக்குத்தான் வருது. இந்த நாட்டில் எங்களைவிட நிலையாக ஒரே இடத்தில் இருந்தவர்கள் யார்? காகிதத்தில் மட்டும் நாங்க நாடோடிகள்.

அடுத்தது காயம். கையால் அடித்த சாதாரணக் காயத்துக்குப் பிணை உரிமை, முன்பிணையே தேவையில்லை. ஆயுதத்தால் கடுங்காயம் என்றால் கதை வேறு. தோட்டத்தில் எந்தச் சண்டையிலும் ஒரு கவ்வாத்துக் கத்தி பக்கத்தில் கிடக்கத்தான் செய்யும். அது முறைப்பாட்டுக்குள் நுழைவதற்கு ஒரு வாக்கியம் போதும். அந்த வாக்கியம் சிங்களத்தில் எழுதப்பட்டிருந்தால், கையெழுத்துப் போட்டவருக்கே அது தெரியாது.

2021 பெப்ரவரியில் மஸ்கெலியா ஓல்டன் தோட்டத்தில், ஆயிரம் ரூபாய் சம்பளப் போராட்ட நேரம், முகாமையாளரைத் தாக்கியதாக இருபதுக்கும் மேற்பட்டோர் கைதாகி விளக்கமறியலுக்குப் போனார்கள். 38 பேருக்கு வேலையும் போனது. 2022 மே 9 காலிமுகத்திடல் தாக்குதல் வழக்கில் தேடப்பட்ட முன்னாள் அமைச்சர் ஜோன்ஸ்டன் பெர்னாண்டோவோ சட்டத்தரணிகளோடு தானே நீதிமன்றம் போய்ப் பிணையில் வந்தார். அவருக்குப் பிணை கொடுத்தது தப்பு என்று நான் சொல்லல. அந்த வாசல் எல்லாருக்கும் திறந்திருக்கணும் என்கிறேன்.

"அப்ப பொண்டாட்டியை அடிக்கிறவனும் முன்பிணை எடுத்துட்டு வந்து திரும்ப அடிப்பானே?" என்று என் தோழி கேட்டாள். சரியான கேள்வி. பாதிக்கப்பட்டவர் அதே லயத்தில், அடுத்த காம்பராவில் இருக்கும்போது மறுக்கத்தான் வேணும், இல்லாட்டி அந்தப் பக்கமே வரக்கூடாது என்று நிபந்தனை போடணும். இந்தியாவின் 1989 வன்கொடுமைத் தடுப்புச் சட்டம், தலித்துகளையும் பழங்குடிகளையும் தாக்குபவருக்கு முன்பிணையையே மூடிவைத்தது. இந்தக் கதவை யார் பயன்படுத்துவார்கள் என்று அதை எழுதியவர்களுக்குத் தெரிந்திருந்தது. ஆக, நீதவான் பார்க்க வேண்டியது யார் யாரை மிரட்டும் இடத்தில் இருக்கிறார் என்பதை. முகவரி இருக்கா இல்லையா என்பதை அல்ல. பயந்து ஓடியதையும் ஏமாற்ற ஓடியதையும் ஒரே தராசில் போடவும் கூடாது.

சட்ட உதவி ஆணைக்குழு 1978இல் இருந்து இருக்கிறது. எங்க லயத்தில் பத்துப் பேரிடம் கேட்டேன், ஒருத்தருக்கும் தெரியாது. 2024இல் நாள் சம்பளம் 1,350 ரூபாய் என்று வர்த்தமானி வந்தபோது பட்டாசு கொளுத்திய தொழிற்சங்கங்கள் மாசாமாசம் சந்தா வெட்டத் தவறுவதில்லை. இரவு ஒன்பது மணிக்குப் பொலிஸ் லயத்துக்கு வந்தால், விடிவதற்குள் ஒரு சத்தியக்கடதாசி எழுதிக் கொடுக்க உங்ககிட்ட ஆள் இருக்கா, தலைவரே? கூட்டாளியின் அண்ணனுக்கு அடுத்த தவணை வருகிற மாசம். அன்றைக்கும் அவருக்கு ஒரு நாள் சம்பளம் போகும்.