கத்தரி யார் கையில்?

"எடிட்டர் இன்னும் கொஞ்சம் கத்தரி போட்டிருக்கலாம்." தமிழ் சினிமா விமர்சனங்களில் படத்தொகுப்பாளருக்குப் பெரும்பாலும் கிடைப்பது இந்த ஒரு வரிதான். பாட்டுக்கும் ஒளிப்பதிவுக்கும் பத்தி பத்தியாக எழுதிவிட்டு, படம் இழுவை என்ற பழியை மட்டும் அவர் தலையில் கட்டிவிடுகிறார்கள்.

நீளத்தை முடிவு செய்வது அவர்தானா? 2024 ஜூலையில் 'இந்தியன் 2' வெளியான சில நாட்களிலேயே 12 நிமிடம் குறைக்கப்பட்டதாக அறிவிப்பு வந்தது. விநாடிக்கு 24 ஃபிரேம் என்றால் அது 17,280 ஃபிரேம். அந்தப் படத்தைத் தொகுத்தவர் ஸ்ரீகர் பிரசாத். 'கன்னத்தில் முத்தமிட்டால்', 'சிவரஞ்சினியும் இன்னும் சில பெண்களும்' உட்படப் பல படங்களுக்குத் தேசிய விருதுகளை அள்ளியவர். மூன்று மணி நேர ஆர்ப்பாட்டமான 'ஆர்ஆர்ஆர்' படத்தையும் தொகுத்தவர். அப்படிப்பட்டவர் கண்ணில் அந்த 12 நிமிடம் படாமல் போயிருக்கும் என்று நம்புவது கஷ்டம். பொதுவாகவே எடிட்டிங் அறைக்குள் பல கைகள் நுழைகின்றன: இயக்குநரின் ஆசை, நாயகனின் அறிமுகக் காட்சி, கோடியில் போட்ட செட். கத்தரியைப் பிடித்திருப்பவர் ஒருவர், வெட்டச் சொல்பவர் இன்னொருவர்.

சரி, அவர் செய்யும் வேலைதான் என்ன? மகன், வேலை போய்விட்டது என்று அம்மாவிடம் சொல்கிறான். அம்மா தோசைக் கல் முன்னால் நிற்கிறாள். அவன் பேசி முடித்த பிறகு அவள் முகத்தைக் காட்டினால், அது அவளுக்குச் செய்தி. அவன் வாய் திறக்கும்போதே அவள் முகத்துக்குப் போய்விட்டால், அவளுக்கு முன்பே தெரியும் என்றாகிவிடும். எட்டு ஃபிரேம், அதாவது விநாடியில் மூன்றில் ஒரு பங்கு, முன்னே பின்னே நகர்ந்தால் அந்த அம்மாவே வேறு ஆள். வசனம் அதேதான், நடிப்பும் அதேதான்.

இந்த எட்டு ஃபிரேமைக் கண்டுபிடிக்க நேரம் பிடிக்கும். 'அபோகலிப்ஸ் நவ்' படத்துக்காக எடுத்த ஃபிலிம் 230 மணி நேரத்துக்கும் மேல் ஓடும். அதைத் தொகுத்தவர்களில் ஒருவரான வால்டர் மர்ச் பிறகு கணக்குப் போட்டுப் பார்த்தார்: ஒரு எடிட்டர், ஒரு நாளைக்கு, சராசரியாக ஒன்றரை வெட்டுகூட இல்லை. மற்ற நேரமெல்லாம் போட்டுப் பார்த்ததிலும் பிரித்துப் போட்டதிலும் கரைந்திருக்கிறது.

சின்னத்திரையில் கதை தலைகீழ். தினமும் ஒரு எபிசோடு ஒப்படைத்தாக வேண்டும். எடுத்த காட்சி போதவில்லையா? மாமியார் முகம், மருமகள் முகம், நாத்தனார் முகம். மறுபடியும் மாமியார், இம்முறை இடிச் சத்தத்தோடு. பார்த்துவிட்டு மீம் போடுகிறோம். சினிமாவில் வெட்டவில்லை என்று திட்டு வாங்கும் அதே தொழிலுக்கு, இங்கே வெட்டாமல் இழுப்பதற்குத்தான் சம்பளம்.

ஃபிலிம் காலத்தில் சுருளின் விலைக்குப் பயந்தாவது டேக்குகளை அளந்து எடுத்தார்கள். டிஜிட்டல் கேமராவுக்கு அந்தப் பயம் இல்லை. ஹார்ட் டிஸ்க்குகள் மூட்டை மூட்டையாக வந்து இறங்குகின்றன; அவற்றைப் பெயர் போட்டு, ஒலியோடு பொருத்தி, பேக்கப் எடுத்து அடுக்குவதிலேயே உதவி எடிட்டர்களின் முதல் சில வருடங்கள் ஓடிவிடும். பார்க்க வேண்டியது இப்படிப் பெருகினாலும் பொங்கலும் தீபாவளியும் தள்ளிப்போவதில்லை. ரிலீஸ் தேதியை போஸ்டரில் அடித்துவிட்டு, பேட்ச் வொர்க் ஷூட்டிங் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்பதுதான் இங்கே பல படங்களின் நடைமுறை. தாமதங்கள் எல்லாம் கடைசியில் எடிட்டரின் இரவுகளில்தான் கழிக்கப்படுகின்றன.

தொகுப்பு முடிந்த பிறகு தேதி அறிவித்தால் என்ன? தயாரிப்பாளர்கள் உடனே ஒப்புக்கொள்ள மாட்டார்கள். வட்டிக் கணக்கு அவர்களுக்கு. விமர்சனம் எழுதுபவர்களுக்கு அந்தக் கவலை இல்லை. கத்தரி வரியை எழுதும் முன், ஷூட்டிங் எந்தத் தேதியில் முடிந்தது என்று ஒரு போன் போட்டுக் கேட்கலாம்.